கல்வெட்டில் போடாத வேடங்கள்

அப்பாவின் கல்வெட்டுக்கு வாழ்க்கைக் குறிப்பு எழுதும் வேலை எனக்கு வந்தது. முப்பத்தோராம் நாள் சடங்குக்கு வருகிறவர்களிடம் கொடுக்கும் அந்தச் சிறு புத்தகம் திங்கட்கிழமை அச்சுக்குப் போக வேண்டும். தேவாரங்களும் குடும்பப் படங்களும் தயார். என்னுடைய ஒரு பக்கம்தான் மிச்சம். எனக்கு அழுகை வரவில்லை. கணினியில் அட்டவணை ஒன்றைத் திறந்தேன்.

கனடாவுக்கு வருமுன் அப்பா ஜேர்மனியில் பதினொரு வருடம் இருந்தார். உணவகம் ஒன்றில் கோப்பை கழுவினார். ஒருநாள் அங்கே தொலைக்காட்சித் தொடர் ஒன்றைப் படம்பிடிக்க வந்தவர்கள், கோப்பை கழுவுகிறவராக அவரையே நடிக்க வைத்தார்களாம். பிறகும் கூப்பிட்டார்கள். அவர் வைத்திருந்த வீடியோ கசெற்றுகளை நான் முன்பே கணினிக்கு மாற்றியிருந்தேன். ஒவ்வொன்றாகப் பார்த்துக் குறித்தேன். ரோஜாப்பூ விற்பவர். அகதி. இன்னொரு அகதி. வாடகைக்கார் ஓட்டுநர், முகம் தெரியாது. மருத்துவர், இரண்டு வசனம். பிணம், நான்கு முறை. மென்பொருளில் பிழை தேடுவது என் தொழில் என்பதால் எல்லாவற்றையும் இரண்டு தரம் சரிபார்த்தேன். கூட்டத்தில் ஒருவர், பத்து முறை. மொத்தம் பத்தொன்பது.

கனடாவில், பிறம்ரன் பண்டகசாலையில் அவர் பார்த்த இருபது வருட வேலை ஒரே வரியில் முடிந்துவிட்டது. இந்தப் பத்தொன்பது வேடங்களாவது முழுதாக அச்சில் வர வேண்டும் என்று நினைத்தேன். அதற்கு அம்மா சம்மதிக்க வேண்டும்.

சனிக்கிழமை மத்தியானம் பிக்கரிங்கிலிருந்து சித்தப்பா வந்திருந்தார். அம்மா கண்ணாடியைப் போட்டுக்கொண்டு திரையை வாசித்தார்.

"உதென்ன பிள்ளை, பிணம் நாலு?"

"நடிச்சதம்மா."

"ஒரு மனுசன்ர கல்வெட்டில பிணமா நடிச்சவர் எண்டு போடுறதோ? சனம் சிரிக்காதே?"

"அண்ணைக்கு முன்அனுபவம் இருந்திருக்கு, அண்ணி," என்றார் சித்தப்பா.

"நீர் சும்மா இரும். பிள்ளை, டொக்டரை மட்டும் போடு."

"அதை மட்டும் போட்டாப் பொய்யம்மா."

அம்மா கதிரையைத் திரைக்குக் கிட்ட இழுத்தார். "நான் உதொண்டும் பாத்ததில்லை. அவர் காட்டினதுமில்லை. வீடியோவைப் போடு பாப்பம்."

முதல் பிணத்தைப் போட்டேன். ஆற்றங்கரை. ஒரு பொலிஸ்காரர் வெள்ளைத் துணியை இடுப்புவரை விலக்குகிறார். இன்னொருவர் ஏதோ கேட்கிறார். கீழே அப்பா கிடக்கிறார், ஏறக்குறைய என் வயதில். நாற்பது செக்கன் காட்சி.

"மூச்சு விடுறார்," என்றார் அம்மா.

"எங்கை?"

"நெஞ்சைப் பார். திருப்பிப் போடு."

திருப்பிப் போட்டேன். பொத்தானுக்குப் பக்கத்தில் சட்டை மெல்ல ஏறி இறங்கியது. முன்பு இரண்டு தரம் பார்த்தும் அது என் கண்ணில் படவில்லை.

"பாத்தியே? இன்னொருக்கா."

ஐந்து தரம் போட்டேன். சித்தப்பா தேநீரைக் குடிக்காமல் வைத்திருந்தார்.

அம்மா கண்ணாடியைக் கழற்றினார். "உதைக் கல்வெட்டில போடவேண்டாம். சனத்துக்கு ஏன்? என்ர போனுக்கு அனுப்பு."

பத்தொன்பதையும் சேர்க்கச் சொல்லி வாதாட மூன்று காரணங்கள் யோசித்து வைத்திருந்தேன். ஆனாலும் வரிகளை அழித்துவிட்டு, 'ஜேர்மனியில் தொலைக்காட்சித் தொடர்களிலும் நடித்தார்' என்று எழுதினேன். அம்மா வாசித்துவிட்டு, "ஓம், உவ்வளவும் காணும்," என்றார். அச்சகத்துக்கு அனுப்பினேன். அதன்பின் அந்த நாற்பது செக்கனை வெட்டி அம்மாவுக்கு அனுப்பினேன். மேசையில் கைப்பேசி அதிர்ந்தது. அம்மா அதை எடுத்துக்கொண்டு அறைக்குள் போய்க் கதவைச் சாத்தினார்.