சின்னம்மாவின் முகத்தில் போட்ட பசி

இருபது வருடமாகச் சினிமாவில் ஆட்களைக் காயப்படுத்திக்கொண்டிருக்கிறேன். தீக்காயம், வெட்டுக்காயம், வெள்ளத்தில் ஊறிய பிணம், எல்லாம் என் கை வேலை. இரத்தத்துக்குச் சீனிப்பாகும் சிவப்புச் சாயமும் போதும். பதுளைக் கடைவீதியில் சாயம் விற்கும் முஸ்லிம் நானா என்னைக் கண்டாலே, "இண்டைக்கு எத்தின பேரக் கொல்லப் போறீங்க?" என்று கேட்டுவிட்டுத்தான் எடுத்துக் கொடுப்பார். முன்பெல்லாம் சிரிப்பேன். இப்போது சிரிப்பதற்கும் அலுப்பாக இருக்கிறது. முழங்கால் வலிக்கிறது, பசை வாசனைக்குத் தலை சுற்றுகிறது. கழுதைக்கு வாழ்க்கைப்பட்டால் உதைக்குப் பயப்பட முடியுமா?

போன வருடம் கொழும்பிலிருந்து ஒரு படக்குழு நமுனுகுலப் பக்கம், நான் பிறந்த தேயிலைத் தோட்டத்துக்கே வந்தது. கதையில் தோட்டத்தை மூடிவிடுகிறார்கள், சனங்கள் பட்டினி கிடக்கிறார்கள். கூட்டத்தில் நிற்க லயத்து வரிசை வீடுகளிலிருந்து பெண்கள் பத்துப் பேர் வேண்டும் என்றார்கள். நான்தான் சொல்லி அனுப்பினேன்.

காலையில், தோட்டத்தில் ஆள் கணக்கெடுத்து வேலை பிரிக்கும் பெரட்டுக் களத்தில் வந்து நின்றவர்களைப் பார்த்து அழுவதா சிரிப்பதா என்று தெரியவில்லை. தீபாவளிச் சேலை, தலை நிறையப் பூ, கழுத்து வரை பவுடர். எங்கள் சனத்துக்குக் கேமரா என்றால் அப்படித்தான். அடையாள அட்டைக்குப் படம் பிடிக்கப் போனாலும் பெட்டியிலிருக்கும் நல்ல சேலைதான். பட்டினிக் காட்சி என்று முன்கூட்டியே சொல்லியிருந்தேன். பட்டினி கதையில் இருந்துவிட்டுப் போகட்டும், அதற்காகப் படத்துக்குப் பழைய சேலையிலா போவது என்று நினைத்திருக்கிறார்கள்.

முன்னால் நின்றது என் சின்னம்மா. அம்மா வெளிநாட்டுக்கு வீட்டு வேலைக்குப் போன காலத்தில் எனக்குச் சோறு போட்டு வளர்த்தவர். இப்போது அவருடைய ஒரே மகளும் அதே வேலைக்குப் போய் ஏழு வருடமாகிறது.

"தம்பி, எனக்கு நல்லா போட்டு விடுப்பா. அங்கேருந்து மக இதப் பாப்பா. ஆத்தா நல்லாத்தான் இருக்குன்னு அவளுக்குத் தெரியட்டும்" என்றார்.

டைரக்டர் வந்து ஒரு பார்வை பார்த்தார். இவர்கள் தோட்டத்து ஆட்கள் போலவே இல்லை, சரிப்படுத்து என்று சிங்களத்தில் சொல்லிவிட்டுப் போனார். எனக்குச் சுருக்கென்றது. ஆனாலும் மேக்கப் பெட்டியைத் திறந்தேன். அடுத்த படத்துக்கும் அவர் என்னைக் கூப்பிட வேண்டும்.

பூவை எடுத்தேன். பவுடரைத் துடைத்தேன். கன்னம் ஒட்டியதுபோல் தெரியக் கறுப்பைத் தேய்த்தேன். உதட்டில் பசை தடவிக் காயவைத்து வெடிப்பு உண்டாக்கினேன். சின்னம்மா கண்ணாடி கேட்டார். அப்புறம் என்று தட்டிக் கழித்தேன். எப்படியோ வேன் கண்ணாடியில் பார்த்துவிட்டார்.

"இதுக்காப்பா அவ்வளவு தூரம் போயி மேக்கப் படிச்ச?"

அதோடு சரி. இரண்டு திட்டுத் திட்டியிருந்தாலாவது மனம் ஆறியிருக்கும். வெட்கமாக இருந்தது. இன்னும் ஒன்பது முகம் பாக்கி இருந்ததால் வேலையைப் பார்த்தேன்.

படத்தில் சின்னம்மா தட்டேந்தி நிற்பது நாலைந்து விநாடிதான். யாரோ அந்தத் துண்டை மட்டும் வெட்டி டிக்டொக்கில் போட்டு, அது மகளுக்கும் போய்ச் சேர்ந்துவிட்டது. ஹாலிஎலயில் நான் பஸ்ஸுக்கு நின்றபோது அவளிடமிருந்து போன் கோல் வந்தது.

"அண்ணே, மறைக்காம சொல்லுங்க. அம்மா ஒடம்புக்கு என்ன வருத்தம்? சாப்பிடுதா இல்லியா?"

"மேக்கப்பும்மா. நான்தான் போட்டேன்" என்று சொல்லி, கறுப்பு, பசை, வெடிப்பு என்று ஒவ்வொன்றாக விளக்கினேன். என் வேலையை அவ்வளவு கவனமாக யாரும் கேட்டதில்லை. மெல்ல மெல்ல நம்பினாள். கொஞ்சம் சிரிக்கவும் செய்தாள்.

பிறகு கேட்டாள். "மொகம் சரிண்ணே. தட்ட ஏந்திக்கிட்டு நிக்கிதே, அந்தக் கை? வெரலெல்லாம் கோணி, வெடிச்சு, கறை ஏறி... அதுவும் நீங்க போட்டதா?"

அன்று கைகளுக்கு எனக்கு நேரம் இருக்கவில்லை. யாருடைய கையிலும் நான் எதுவுமே தடவவில்லை. டைரக்டர் பாராட்டியதும் அந்தக் கைகளைத்தான். இந்த ஏழு வருடமும் வீடியோ கோலில் சின்னம்மா முகத்தை மட்டுமே காட்டியிருப்பார் என்பது அப்போதுதான் எனக்கு உறைத்தது.

"ஆமாம்மா, அதுவும் என் வேலதான்" என்றேன்.

"அப்பாடா" என்று பெருமூச்சு விட்டாள். "நெசம் மாதிரியே செஞ்சிருக்கீங்கண்ணே."