சொந்த வீட்டில் ஒரு ஞாயிறு

எங்களுக்குச் சொந்த வீடு இருந்தது. ஆனால் நாங்கள் குடியிருந்தது வாடகைக்கு. இதைப் பள்ளியில் ஒருத்திக்கும் என்னால் விளங்க வைக்க முடிந்ததில்லை. "சொந்த ஊடு இருந்தா அப்புறம் எதுக்குடி லைன் வீட்டுல இருக்கறீங்க?" என்று கேட்பார்கள். நான் பதில் தேடிக்கொண்டிருக்கும்போதே பொய் சொல்கிறேன் என்று முடிவு செய்து விளையாடப் போய்விடுவார்கள்.

அப்பா திருப்பூரில் ஒரு பனியன் கம்பெனியில் கட்டிங் மாஸ்டர். அம்மா அதே கம்பெனியில் ஓவர்லாக் மிஷினில் டைலர். கம்பெனிக்குப் பின்புறச் சந்தில் வரிசையாக எட்டு வீடுகள் கொண்ட லைனில் மூன்றாவது வீடு எங்களுடையது. ஒரே அறை. அதிலேயே சமையல், படுக்கை, என் வீட்டுப்பாடம். எட்டு வீட்டுக்கும் சேர்த்து ஒரு குழாய், இரண்டு கக்கூஸ். காலையில் அம்மா பக்கெட்டை வரிசையில் வைத்துவிட்டு வந்து சோறு வடிப்பாள். நடுவில் இரண்டு முறை ஓடிப் போய், பக்கெட் வைத்த இடத்திலேயே இருக்கிறதா என்று பார்த்துவிட்டு வருவாள்.

பல்லடம் ரோட்டிலிருந்து உள்ளே தள்ளி, இரண்டரை சென்ட் இடத்தில், எனக்கு ஆறு வயதாகும்போது அந்த வீடு எழும்பியது. இடம் வாங்க அம்மாவின் நகை போயிற்று. கட்டுவதற்கு பேங்கில் ஒன்பது லட்சம் கடன், பதினைந்து வருஷத்துக்கு. ஹால், சமையலறை, பெரிய அறை, சின்ன அறை. சின்ன அறைக்கு என்ன பெயிண்ட் அடிக்கலாம் என்று அப்பா என்னைக் கேட்டார். கிளிப்பச்சை என்றேன். பெயிண்டர் சிரித்து, கண்ணைப் பறிக்கும், வேண்டாம் என்றார். "என்ற புள்ள கேட்டதையே அடிங்க" என்றார் அப்பா.

பால் காய்ச்சிய அன்று சொந்தக்காரர்கள் இரண்டு வேனில் வந்து சாப்பிட்டுப் போனார்கள். மூன்றாம் நாள் அப்பா சாவியை வேறொரு குடும்பத்திடம் கொடுத்தார். மாதத் தவணை எட்டாயிரத்து ஐந்நூறு. அதில் பாதிக்கு மேல் வாடகையாகவே வந்துவிடும். மீதியைச் சம்பளத்திலிருந்து போட்டால் போதும். "ரெண்டே வருசம் கண்ணு. கையில கொஞ்சம் சேந்ததும் நாமளே வந்தர்லாம்" என்றார். அன்று லைன் வீட்டுக்குத் திரும்பும்போது, மொபெட்டின் முன்னால் நின்றுகொண்டு, இரண்டு வருஷத்துக்கு எத்தனை ஞாயிற்றுக்கிழமை என்று கேட்டுக்கொண்டே வந்தேன்.

குடிவந்தவர்கள் திருநெல்வேலிப் பக்கத்துக்காரர்கள். கணவருக்கு ஒரு எக்ஸ்போர்ட் கம்பெனியில் ஆபீஸ் உத்தியோகம். அவர்களுக்கு என் வயதில் ஒரு மகள், நிவேதா. மாதம் ஒரு ஞாயிறு வாடகை வாங்க அப்பா போகும்போது நானும் தொற்றிக்கொள்வேன். நிவேதாவின் அம்மா வாசலிலேயே "வா பிள்ள, உள்ள வா" என்று முறுக்கைக் கையில் திணிப்பார். நல்ல மனுஷி. அப்பா நாற்காலியின் நுனியில், உதவி கேட்டு வந்தவரைப் போல உட்கார்ந்திருப்பார். குழாய் ஒழுகுகிறது என்று அவர்கள் சொன்னால், ஏதோ தானே ஒழுகவிட்டதுபோல எழுந்து ஓடுவார்.

நிவேதா என்னைப் பச்சை அறைக்குக் கூட்டிப்போவாள். சுவர் நிறையப் பொம்மை ஸ்டிக்கர்கள் ஒட்டியிருந்தாள். "இது என் ரூம். கட்டில்ல ஏறாத, என்ன?" என்பாள். சரி என்று தலையாட்டுவேன். ஒரு முறை அவசரமாகப் போக வேண்டியிருந்தது. அவளிடம் கேட்டுவிட்டுத்தான் பாத்ரூமுக்குப் போனேன். உள்ளே தாழ்ப்பாள் போட்டுக்கொண்டு, வேலை முடிந்த பிறகும் கொஞ்ச நேரம் நின்றிருந்தேன். வெளியே யாரும் கதவைத் தட்டவில்லை. அப்படி ஓர் இடம் உலகத்தில் இருப்பதே எனக்கு அதிசயமாக இருந்தது.

இரண்டு வருஷம் நான்கானது. அப்பா தேதி சொல்வதை நிறுத்தியிருந்தார். நான் ஐந்தாம் வகுப்பு முடித்த கோடை விடுமுறையில், நிவேதாவின் அப்பாவுக்குச் சொந்த ஊர்ப் பக்கமே வேலை கிடைத்து, அவர்கள் காலி செய்துகொண்டு போனார்கள். அப்பாவுக்கும் அப்போதுதான் சம்பளம் ஏறியிருந்தது. "நாலு வருசம் ஓடிப்போச்சு, இன்னி பதினொண்ணுதான். பேங்க்ல ஒருக்கா கேட்டுப்போட்டு நாமளே போயர்லாம்" என்று அம்மாவிடம் சொன்னது எனக்குக் கேட்டது. கம்பெனியிலிருந்து ஓர் அட்டைப்பெட்டி கொண்டுவரச் சொல்லி, என் சாமான்களை அன்றே அடுக்கினேன். அம்மா வேஸ்ட் துணியில் நல்லதாகத் தேடி, ஜன்னலுக்குத் திரை தைத்தாள்.

பேங்குக்கு அப்பா அரை நாள் லீவு போட்டு, தேய்த்த சட்டை போட்டுக்கொண்டு, என்னையும் கூட்டிப்போனார். கண்ணாடி போட்ட ஓர் அதிகாரி கம்ப்யூட்டரில் தட்டிப் பார்த்தார்.

"இன்னும் பதினஞ்சு வருஷம், ரெண்டு மாசம் இருக்கு" என்றார்.

அப்பா சிரித்தார். வேறு யாருடைய கணக்கையோ திறந்துவிட்டார் என்றே நினைத்திருக்க வேண்டும். "நல்லாப் பாருங்க சார். நான் வாங்குனதே பதினஞ்சு வருசத்துக்குத்தானுங்க. நாலு வருசமா ஒரு மாசங்கூட உடாமக் கட்டீருக்கறனுங்க."

"கரெக்டா கட்டியிருக்கீங்க, இல்லேங்கல. ஆனா வட்டி ஏறிடுச்சே. தவணையை ஏத்தினா உங்களுக்குச் சிரமம்னு, தவணையை அப்படியே வச்சு வருஷத்தை நீட்டியிருக்கு. லெட்டர் வந்திருக்குமே?"

லெட்டர் வந்துதான் இருந்தது. இங்கிலீஷில் இருந்ததால், கட்டிய பணத்துக்கு ரசீது என்று நினைத்து, பத்திர நகல் இருந்த பிளாஸ்டிக் கவரில் அப்பா பத்திரப்படுத்தியிருந்தார்.

"அப்ப நான் இத்தன நாள் கட்டுனதுங்க?"

"நாலு லட்சம் கட்டியிருக்கீங்க. அதுல எண்பத்தஞ்சாயிரம் அசலுக்குப் போயிருக்கு. மிச்சம் வட்டிக்கு."

அப்பா மெதுவாக, "முழுசாக் கட்டி முடிக்கறப்ப, மொதல்ல இருந்து எல்லாஞ் சேத்தி எவ்வளவுங்க ஆகும்?" என்று கேட்டார். அதிகாரி கால்குலேட்டரில் போட்டுப் பார்த்துவிட்டு, பத்தொன்பதரை லட்சம் பக்கம் வரும் என்றார். இந்த வட்டியே நீடித்தால், என்றும் சேர்த்துச் சொன்னார். "இதை யாரும் மொதல்லயே கேக்கறதில்ல. மாசம் எவ்வளவுன்னுதான் கேப்பாங்க" என்றார். குத்திக்காட்டும் குரலில் இல்லை, வருத்தமாகத்தான் சொன்னார்.

இத்தனையிலும் எனக்குப் புரிந்தது ஒன்றுதான். பேங்கில் எங்களுக்கு வருஷம் கூடுதலாகக் கொடுத்திருக்கிறார்கள். நோட்டு ஒப்படைக்க டீச்சர் ஒரு வாரம் கூடுதலாகக் கொடுத்தால் வகுப்பே கைதட்டும். வெளியே வந்ததும், "பேங்க்காரங்க நல்லவங்களாப்பா?" என்று கேட்டேன். "ம்" என்றார். எதிரில் இருந்த பேக்கரியில் எனக்குப் பப்ஸ் வாங்கிக் கொடுத்துவிட்டு, அவர் டீயை மட்டும் கையில் பிடித்துக்கொண்டு நின்றார். அதைக் குடித்தாரா என்று எனக்கு நினைவில்லை.

அந்த ஞாயிற்றுக்கிழமை, 'வீடு வாடகைக்கு' என்று போன் நம்பரோடு எழுதிய தகரப் பலகை ஒன்றைப் புது வீட்டின் கேட்டில் அப்பா கட்டினார். கம்பியை முறுக்க, பலகையை நேராகப் பிடித்துக்கொள்ளச் சொன்னது என்னைத்தான். பிடித்துக்கொண்டே அழுதேன். அவர் பார்த்தும் பார்க்காதவர்போல முறுக்கினார்.

ஜூன் மாதம் பள்ளி திறந்தது. ஆறாம் வகுப்புக்குப் புதுப் பள்ளி. டவுன் பஸ்ஸில் புது வீட்டுப் பக்கமாகத்தான் போய்வர வேண்டும். முதல் வாரமே, சாயங்காலம் இரண்டு நிறுத்தம் முன்பாக இறங்கி நடந்தேன். கம்பியைப் பிரிப்பதற்குள் விரல் கிழிந்தது. பலகையைப் பக்கத்துக் காலி மனையின் முட்புதருக்குள் எறிந்துவிட்டு, அடுத்த பஸ் பிடித்து வீட்டுக்கு வந்தேன். யாரும் வாடகைக்கு வராவிட்டால் நாங்கள்தானே வந்தாக வேண்டும் என்பது என் கணக்கு. பத்து நாள் கழித்து அப்பா புதுப் பலகை கட்டினார். அதையும் எடுத்துப் போட்டேன்.

வீடு இரண்டு மாதம் காலியாகக் கிடந்தது. ஒரு போன்கூட வரவில்லையே என்று அப்பா தன் செல்போனையே திருப்பித் திருப்பிப் பார்த்தார். அம்மா கம்பெனி விட்டு வரும்போது மூட்டை மூட்டையாக டி-சர்ட்டுகளைக் கொண்டுவர ஆரம்பித்தாள். தையலில் நீண்டிருக்கும் நூல் பிசிறுகளை வெட்டிக் கொடுத்தால் உருப்படிக்கு இவ்வளவு என்று காசு. எனக்கும் ஒரு சின்னக் கத்தரி கிடைத்தது. இருவரும் சுவரில் சாய்ந்து உட்கார்ந்து வெட்டுவோம். அம்மா இப்படி என் பக்கத்தில் உட்கார்ந்திருப்பது எனக்குப் பிடித்திருந்தது. இந்த மூட்டைகள் தீர்ந்துவிடக் கூடாது என்றுகூட நினைத்தேன். அவை எதனால் வந்தன என்று யோசிக்கவில்லை.

புது வீட்டுக்கு எதிர்வீட்டு அம்மாள்தான் அப்பாவிடம் சொல்லிவிட்டார். "உங்க பாப்பாதானுங்க கழட்டுச்சு. ஸ்கூல் பேக்கோட. நாங்கூட நீங்க சொல்லித்தான் எடுக்குதுன்னு உட்டுட்டனுங்க."

அன்று வீட்டுக்கு வந்தவர், பிசிறு வெட்டிக்கொண்டிருந்த எங்கள் இருவரையும் பார்த்தபடி வாசலில் நின்றார். அவர் முகத்தைப் பார்த்ததுமே எனக்குத் தெரிந்துவிட்டது. கத்தரியைக் கீழே வைத்துவிட்டு அடிக்குத் தயாரானேன். அவர் உள்ளே வந்து, அம்மாவின் மூட்டையிலிருந்து ஒரு டி-சர்ட்டை எடுத்து, விரித்து, மடித்து வைத்தார். பிறகு, "நாயித்துக்கெழம அந்த ஊட்ல போயி ஒரு நாள் இருந்துட்டு வர்லாம். அடுப்பு, பாத்திரமெல்லாம் எடுத்துக்க" என்று அம்மாவிடம் சொன்னார்.

"ஏனுங்க, எதுக்கு வீணா?" என்றாள் அம்மா.

"நம்முளுது தானே" என்றார் அப்பா. நான் செய்ததை அவர் அம்மாவிடம் சொல்லவே இல்லை.

அந்த ஞாயிற்றுக்கிழமையை மறக்க மாட்டேன். மொபெட்டின் முன்னால் சின்ன கேஸ் அடுப்பு, பின்னால் அம்மா, அவள் மடியில் நான். போய்ச் சேர்ந்ததும் வீடு முழுவதையும் நானே கூட்டினேன். பச்சை அறைக்குள் போய்க் கதவைச் சாத்தினேன், திறந்தேன், மறுபடி சாத்தினேன். அம்மா குளிக்கப் போனவள் வெகு நேரம் வெளியே வரவில்லை. வந்தபோது ஈரத் தலையோடு தானாகச் சிரித்துக்கொண்டிருந்தாள். மொட்டை மாடியில் துண்டைக் காயப்போட்டுவிட்டு, கீழே இறங்க மனமில்லாமல் நின்று தெருவைப் பார்த்தாள். தான் தைத்த திரையை, கழற்ற வேண்டியதுதான் என்று தெரிந்தும், ஜன்னலில் மாட்டிப் பார்த்தாள். மதியம் அரிசிம்பருப்புச் சாதம், நெய், அப்பளம். ஹாலில் இலை போட்டு மூன்று பேரும் உட்கார்ந்து சாப்பிட்டோம். பேசியதெல்லாம் காலி வீட்டில் எதிரொலித்தது. எதிரொலிக்காகவே நான் கத்திக் கத்திப் பேசினேன். அம்மா ஒரு தடவைகூட என்னை அதட்டவில்லை.

அடுத்த வாரம் மூன்றாவது பலகை ஏறியது. இம்முறை நான் தொடவில்லை. நான்கே நாளில் ஆள் வந்தார்கள். அவர்களுக்குப் பிறகு வேறொருவர், அவர்களுக்குப் பிறகு இன்னொருவர். வட்டி இறங்கியது, ஏறியது. பேங்க் அதிகாரி சொன்ன வருஷம் ஏறக்குறைய அப்படியே ஆயிற்று. லைன் வீட்டில் இருந்துதான் பத்தாவது எழுதினேன், காலேஜ் போனேன், வேலைக்குப் போனேன். கல்யாணமாகிக் கோயமுத்தூருக்கு வந்த மறு வருஷம் அப்பா போன் செய்தார். "பத்தரத்தக் குடுத்துட்டாங்க கண்ணு" என்றார். இப்போது அவர்கள் இருவரும் அங்கேதான் இருக்கிறார்கள். சின்ன அறைக்கு மறுபடி கிளிப்பச்சை அடித்து, கட்டில் போட்டு வைத்திருக்கிறார்கள். பொங்கலுக்கும் ஆடிக்கும் போய் இரண்டு நாள் தங்குகிறேன். போன மாதம் நானும் என் வீட்டுக்காரரும் ஃபிளாட்டுக்காகக் கடன் கேட்கப் போனபோது, முதல் தவணையிலிருந்து கடைசி வரை மொத்தம் எவ்வளவு ஆகும் என்று கேட்டேன். தொகையைச் சொன்னார்கள். யோசித்துவிட்டு வருகிறோம் என்று எழுந்து வந்தோம். இன்னும் யோசித்துக்கொண்டுதான் இருக்கிறோம்.

காலி வீட்டில் கழித்த அந்த ஞாயிறு, சாப்பிட்ட பிறகு அம்மா பெரிய அறையில் தூங்கிவிட்டாள். அப்பா ஹாலில், வெறுந்தரையில் கையைத் தலைக்கு வைத்துப் படுத்திருந்தார். நான் போய் அவர் பக்கத்தில் படுத்தேன். தரை ஜில்லென்று இருந்தது. மேலே பார்த்துக்கொண்டிருந்தவர், "கண்ணு, உனக்கு இப்ப எத்தன வயசு?" என்று கேட்டார்.

"பத்துப்பா."

"அதுகோட பதினஞ்சக் கூட்டு பாக்கலாம்."

இவ்வளவு சுலபமான கணக்கைக் கேட்கிறாரே என்றிருந்தது. "இருபத்தஞ்சு" என்று விரல் மடக்காமல் சொன்னேன். பாராட்டுவார் என்று அவர் முகத்தைப் பார்த்தேன். அவர் முழங்கையை மடித்துக் கண்களை மூடிக்கொண்டார். "சரிதானப்பா? சரிதான?" என்று தோளை அசைத்துக் கேட்டேன். மேற்கு வெயில் ஹாலுக்குள் இறங்கியிருந்தது. கண் கூசுகிறதாக்கும் என்று நினைத்து எழுந்து போய், சத்தம் வராமல் ஜன்னலைச் சாத்தினேன்.