நப்லாவின் உம்மா சுட்ட அப்பிள் பை

மஸீனாவின் குசினியில் ஒரு ஒவன் இருக்கிறது. கல்யாணத்துக்கு வந்தது. இருபத்திரண்டு வருஷமாக அதற்குள் சட்டிகளும் இடியப்பத் தட்டுகளும்தான் குடியிருந்தன. அலவத்துகொடையில் பாதி வீடுகளில் ஒவன் இந்த உத்தியோகம்தான் பார்க்கிறது. அதற்காக யாரும் வெட்கப்படுவதில்லை. வாயை மூடிக்கொண்டிருந்தால் மஸீனாவும் வெட்கப்பட வேண்டி வந்திருக்காது.

வாய்தான் அவளுக்கு வியாதி. முட்டையும் தேங்காய்ப்பாலும் சேர்த்து அவள் அவிக்கிற வட்டிலப்பத்தைப் போல் அந்தத் தெருவில் யாருக்கும் செய்ய வராது. அதை எல்லாரும் ஒப்புக்கொள்கிறார்கள். அத்தோடு நிறுத்தத்தான் அவளுக்குத் தெரியாது. யார் எதைப் புகழ்ந்தாலும் அது தன் வீட்டிலும் உண்டு, அதைவிடத் திறமாகவே உண்டு என்று சொல்லிவிடுவாள். பக்கத்து வீட்டுக்காரிக்கு ஒரு முழங்கால் வலித்தால் மஸீனாவுக்கு இரண்டும் வலிக்கும்.

மகள் நப்லாவைப் பெண் பார்க்கக் கம்பளையிலிருந்து மாப்பிள்ளையின் தாய் ஹவ்வா உம்மா வந்த அன்றும் இதுதான் நடந்தது. கல்யாண புரோக்கர் ரிஸ்மி கொண்டுவந்த சம்பந்தம். மாப்பிள்ளை ஹபீல் படித்தவன், சிகரெட் கிடையாது, நப்லாவுக்கும் பிடித்துப்போயிற்று. இதைவிட நல்ல இடம் வராது என்று மஸீனாவுக்குத் தெரியும். ஹவ்வா உம்மா வட்டிலப்பத்தில் இரண்டு கரண்டி எடுத்துவிட்டு, மெல்பேர்னில் இருக்கும் மூத்த மருமகள் ஒவனில் சுடுகிற அப்பிள் பையைப் பற்றித் தொடங்கினார்.

“கடையில ஒண்டும் வாங்க மாட்டா. மா கொழைக்கிறதுல இருந்து எல்லாம் அவட கையாலதான்.”

“எங்கட ஊட்டுலயும் அப்பிடித்தான் ராத்தா,” என்றாள் மஸீனா. “நப்லா சின்னதுல இருந்தே அப்பிள் பை திண்டு வளந்த புள்ள.”

தேத்தண்ணித் தட்டோடு வந்த நப்லா அப்படியே நின்றுவிட்டாள். அவள் அப்பிள் பையைக் கண்டதெல்லாம் போனில்தான்.

“அப்ப நோன்புக்கு எங்களுக்கும் ஒண்டு அனுப்புங்களே,” என்றார் ஹவ்வா உம்மா. கல்யாணத்துக்கு நாள் குறிக்கும் பேச்சைப் பெருநாளுக்குப் பிறகு பார்க்கலாம் என்று சொல்லிவிட்டுப் போனார்.

பதினெட்டாம் நோன்பன்று காலையில் சட்டி பானைகள் ஒவனை விட்டு வெளியேற்றப்பட்டன. போனில் ஒரு வெள்ளைக்காரி சொல்லிக்கொடுத்தாள். பட்டர் கல்லுப் போல் குளிர்ந்திருக்க வேண்டுமாம். அடிக்கிற வெயிலில் அது மஸீனாவின் கைக்கு வருமுன்பே எண்ணெயாகிவிட்டது. பச்சை நிறத்துப் புளிப்பு அப்பிள் வேண்டுமாம். கண்டி மார்க்கட்டில் கிடைத்தது சிவப்பு. தேசிக்காய் பிழிந்து சரிக்கட்டினாள். வெள்ளைக்காரி ஒரு தேக்கரண்டி கறுவாப்பட்டைத் தூளைப் போட்டுவிட்டு ஏதோ பெரிய தர்மம் செய்தவள் போல் சிரித்தாள். வீட்டுக்குப் பின்னால் கறுவா மரம் நிற்கிற மஸீனா கைநிறைய அள்ளிப் போட்டாள்.

பை சுடும் பாத்திரம் இல்லை. கணவன் மஹ்மூதின் இரும்புக் கடையிலிருந்து ஒரு புது அலுமினியத் தட்டு வந்தது. மேலே பின்னுகிற மாக்கீலங்களை அவனுடைய அளவு நாடாவை வைத்தே வெட்டினாள். ஒரு ஓரம் கருகிப்போக, மாவில் மூன்று இலை செய்து அதன் மேல் ஒட்டி, மறுபடி ஒவனுக்குள் தள்ளினாள்.

வெந்ததா என்று பார்க்க மட்டும் வழியில்லை. நோன்பு வாயோடு நாக்கில் வைக்க மனம் வரவில்லை. வீட்டில் எல்லாருக்கும் நோன்பு. வெட்டிப் பார்க்கலாம் என்றால், வெட்டின பண்டத்தை எந்த முகத்தோடு சம்பந்தி வீட்டுக்கு அனுப்புவது?

“எங்களுக்கு ஒரு துண்டாவது வெக்கல்லையா?” என்று மஹ்மூத் கேட்டான்.

“ஒங்களுக்கு வட்டிலப்பம் ஈக்கி.”

மூடிக் கட்டின பொட்டலத்துக்குக் காரின் முன் சீற்றில் பெல்ட்டும் போட்டு, கட்டுகஸ்தோட்டை நெரிசலிலும் பேராதனை நெரிசலிலும் ஊர்ந்து, பாதி வழியில் இரண்டு பேரீச்சம்பழத்தோடு நோன்பு திறந்து, மஹ்மூத் அதைக் கம்பளையில் ஒப்படைத்தான். அதன் முகத்தைக்கூட அவன் பார்க்கவில்லை.

மறுநாள் ஹவ்வா உம்மாவே போன் எடுத்தார்.

“ஒரு துண்டு மிச்சமில்ல மஸீனா. கடைசித் துண்டுக்குப் புள்ளகள் சண்ட. மூத்தவட பை இதுக்குக் கிட்ட நிக்காது.”

அஸர் தொழுகைக்கு முன்பே தெருவில் இந்தச் செய்தி தெரியாத வீடு இல்லை.

அதற்கு அடுத்த நாள் பின்னேரம் ரிஸ்மி வந்தான். கையில் துணி போட்டு மூடிய ஒரு தட்டு.

“பொஞ்சாதி தந்துவிட்ட. அப்பிள் பை. கடையில வாங்கினதில்ல ராத்தா, அவ சொந்தக் கையால சுட்ட.”

மஸீனா அதைக் குசினிக்குள் கொண்டுபோய்த் துணியை எடுத்தாள். ஓரத்தில் மூன்று இலை இருந்தது. தட்டைத் தூக்கி அடியைப் பார்த்தாள். மஹ்மூதின் கடை ஸ்டிக்கர், ஒவன் சூட்டில் சுருங்கிப்போய், பெயர் மட்டும் அழியாமல் ஒட்டிக்கொண்டிருந்தது. பை முழுசாக இருந்தது. யாரும் ஒரு கீறல்கூடப் போடவில்லை.

முக்காலியில் உட்கார்ந்துவிட்டாள். ஒரு துண்டு மிச்சமில்லையாம், பிள்ளைகள் சண்டையாம். தொட்டுக்கூடப் பார்க்காமல் புரோக்கர் தலையில் கட்டிவிட்டு, என்ன கூசாமல் பேசினாள் மனுஷி. இப்படிப்பட்ட பொய்க்காரி வீட்டிலா மகளைக் கொடுப்பது என்று ஆத்திரத்தோடு போனை எடுத்தாள். எடுத்த கையோடு ஹபீலின் முகமும், அவன் பெயரைச் சொல்லும்போது நப்லா தலையைக் குனிகிற விதமும் நினைவுக்கு வந்தன. போனை வைத்துவிட்டாள்.

நோன்பு திறக்க மஃரிப் பாங்கு சொன்னது. பையைத் துண்டு போட்டுப் பீங்கானுக்கு மாற்றி, தட்டை ஒளித்துவிட்டுக் கொண்டுவந்து வைத்தாள். ரிஸ்மி வீட்டுப் பை என்றாள். மஹ்மூத் ஆசையாக ஒரு வாய் கடித்தான். மென்றான். தண்ணீர் குடித்தான்.

“ரிஸ்மிட பொஞ்சாதிக்கு ஏன் இந்த வேண்டாத வேல? அடியெல்லாம் பச்ச மா. கறுவா தொண்டைய எரிக்குது. நீ சுட்டதுக்குக் கம்பளையில அடிபட்டிருக்காங்க. ரெண்டுக்கும் ஒரே பேர் சொல்றதே பாவம்.”

மஸீனாவும் ஒரு துண்டை வாயில் போட்டாள். மா பல்லில் ஒட்டியது. ஹவ்வா உம்மா இதை வெட்டியிருந்தால் என்று நினைத்துப் பார்த்தாள். அல்ஹம்துலில்லாஹ் என்று மனசுக்குள் சொன்னாள். வாழ்நாளில் அத்தனை உண்மையாக அவள் அதைச் சொன்னதில்லை.

இலை ஒட்டிய துண்டு நப்லாவுக்கு வந்திருந்தது. அவள் அதைத் திருப்பிப் பார்த்தாள், உம்மாவைப் பார்த்தாள், பிறகு குனிந்து கஞ்சியைக் குடித்தாள்.

சாப்பாடு முடிந்ததும் மஸீனா ரிஸ்மியின் மனைவிக்குப் போன் எடுத்தாள்.

“ஒரு துண்டு மிச்சமில்ல தங்கச்சி. கடைசித் துண்டுக்குச் சண்ட.”

“அது சும்மா ராத்தா,” என்றது அந்தப் பக்கம், வெட்கத்தோடு. “மா கொழைக்கிறதுல இருந்து நான் தனியாத்தான் செஞ்ச.”

மஹ்மூத் தன் முன்னால் முக்கால்வாசிப் பை அப்படியே கிடந்த பீங்கானைப் பார்த்தான், மனைவியைப் பார்த்தான். அவள் குசினிக்குப் போய்த் தட்டைக் கழுவினாள். வந்த தட்டை வெறுமையாகத் திருப்பி அனுப்பக்கூடாது. விடிந்ததும் வட்டிலப்பம் வைத்து அனுப்ப வேண்டும். கத்தி முனையால் ஸ்டிக்கரைச் சுரண்டி எடுத்தாள்.

“கம்பளை விசயம் என்ன செய்யப்போற?” என்று மஹ்மூத் கேட்டான். “அவங்க எப்பிடிப்பட்ட ஆக்கள் எண்டே நமக்குச் சரியாத் தெரியாதே.”

“யோசிக்க ஒண்டுமில்ல. பெருநாளைக்குப் பொறகு நாள் குறிக்கச் சொல்லுங்க,” என்றாள் மஸீனா. “அச்சு அசல் நம்மளப் போலத்தான்.”