நான் எழுதாத ஆறாவது பாகம்

என் ஆறாவது நாவல் வெளிவந்துவிட்டது என்பதை என்னிடம் ட்யூஷன் படிக்கும் பெண்தான் சொன்னாள். அப்போது அந்த நாவலில் பாதியைக்கூட நான் எழுதியிருக்கவில்லை.

ஐப்பசி மழை விடாமல் பெய்துகொண்டிருந்தது. பையிலிருந்து கணக்கு நோட்டை எடுப்பாள் என்று பார்த்தால், பிளாஸ்டிக் கவரில் சுற்றிய ஒரு புத்தகத்தை எடுத்தாள். அவள் அப்போது ப்ளஸ் ஒன். அவளுடைய அம்மா உப்பளத்தில் கூலி வேலை செய்கிறவர்.

"புது பார்ட் வந்துடுச்சு டீச்சர். பாண்டில இருந்து மாமா வாங்கினு வந்தாரு."

அட்டையில் என் புனைபெயர். அதற்குக் கீழே, நான் உண்டாக்கிய பெண் சைக்கிளைப் பிடித்துக்கொண்டு நிற்கிறாள். புரட்டிப் பார்த்தேன். ஒரு வரிகூட என்னுடையது இல்லை. "நல்லா இருக்குதா?" என்று மட்டும் கேட்டேன். பாதி படித்திருப்பதாகச் சொன்னாள்.

அந்தப் புனைபெயரை இங்கே எழுதப் போவதில்லை. முதல் நாவல் அச்சுக்குப் போனபோது என் பெயர் வேண்டாம் என்று சொன்னது நான்தான். மாமியார் இருந்த வீடு. கணவர் கத்தாரில். "அவன் அங்க வெயில்ல காயறான், இவ இங்க கதை எழுதிட்டு உக்காந்திருக்கா" என்று தெருவில் ஒரு பேச்சு கிளம்பினால் போதும், அதற்கு மேல் அந்த வீட்டில் பேனாவைத் தொட முடியாது. பதிப்பாளருக்கும் அது வசதியாகவே இருந்தது. போனில் என் பெயரைக் கேட்டுவிட்டுக் கொஞ்சம் தயங்கினார். "ஸ்கூலுக்கெல்லாம் போற புக்கு. எல்லாருக்கும் பொதுவா ஒரு பேரா இருந்தா நல்லதுங்க" என்றார். பொது என்றால் எது என்று நான் கேட்கவில்லை. அவரே ஒரு பெயர் வைத்தார். குறை சொல்ல முடியாது, அழகான பெயர்தான்.

அந்தப் பெயரில் ஐந்து பாகங்கள் எழுதினேன். மதியம் மாமியார் கண்ணயரும் நேரத்தில் அடுப்படியில் உட்கார்ந்து, போனிலேயே தட்டித் தட்டி எழுதியவை. உப்பளத் தொழிலாளியின் மகள் ஒருத்தி, பாகத்துக்கு ஒரு வகுப்பாக வளர்கிறாள். அந்த வயதுப் பிள்ளைகளுக்கென்று வரும் கதைகளில் எல்லோரும் சென்னை ஃப்ளாட்டில் இருப்பார்கள், மனசு சரியில்லை என்றால் மாலுக்குப் போவார்கள். என் பெண்ணுக்கு மனசு சரியில்லை என்றால் ஈசிஆரில் சைக்கிள் மிதிப்பாள், அவ்வளவுதான். அவள் அம்மாவின் பாதம் உப்புத்தண்ணீரில் வெடித்திருக்கும். மழைக்காலம் வந்தால் உப்பு விளையும் பாத்தியெல்லாம் மூழ்கி வேலை நின்றுவிடும். அம்மா குயிலாப்பாளையம் கெஸ்ட்ஹவுஸ்களில் பாத்திரம் கழுவ பஸ் ஏறுவாள். அங்கேயும் எல்லா நாளும் வேலை கிடைக்காது. நான் பார்த்ததை அப்படியே எழுதினேன். அதில் எனக்குக் கொஞ்சம் திமிரும் இருந்தது. மேடை இல்லை, மாலை இல்லை, என் முகம் யாருக்கும் தெரியாது. உண்மையை எழுதுகிறேன், அது போதும் என்று இருந்தேன்.

புத்தகங்களை ட்யூஷன் அறை அலமாரியில் பாடநூல்களோடு வைத்திருந்தேன். பாண்டிச்சேரியில் வாங்கியது என்று சொல்லிவைத்திருந்தேன். மற்ற பிள்ளைகள் புரட்டிவிட்டு வைத்துவிடுவார்கள். இவள் ஒருத்திதான் ஐந்தையும் கரைத்துக் குடித்தவள். அவள் படிக்கும்போது நான் நோட்டுத் திருத்துகிற மாதிரி பாவனை செய்துகொண்டு அவள் முகத்தையே பார்த்துக்கொண்டிருப்பேன். எழுத்தாளர் என்று எனக்குக் கிடைத்த மரியாதையெல்லாம் அந்த முகத்தில்தான் கிடைத்தது.

ஆறாவது பாகத்தின்போது மாமியார் படுக்கையில் விழுந்தார். தூக்கி உட்கார வைப்பதிலிருந்து எல்லாம் நான்தான். கொஞ்சம் அவகாசம் கொடுங்கள் என்று பதிப்பாளருக்கு எழுதினேன். பதில் வரவில்லை. மாமியார் மவுத்தாகி, வீடு அடங்கி, நான் மறுபடி போனை எடுத்து எழுத ஆரம்பித்தபோதுதான் இந்தப் பெண் அந்தப் புத்தகத்தோடு வந்து நின்றாள்.

அவள் முடித்த பிறகு இரவல் வாங்கிப் படித்தேன். தீபாவளி நேரம், மழை கொட்டுகிறது. கதாநாயகியின் அம்மா பாத்தியில் நின்று உப்பு வாருகிறாளாம். கை நிறையக் கூலி. அம்மாவும் மகளும் குடை பிடித்துக்கொண்டு துணிக்கடைக்குப் போகிறார்கள். மழையில் உப்பு. முதலில் சிரிப்பு வந்தது, அப்புறம் வயிறு எரிந்தது.

பதிப்பாளரைக் கூப்பிட்டேன். அவர் கொஞ்சம்கூடக் கூச்சப்படவில்லை.

"பேரு எங்களோடதுங்க மேடம். வச்சதே நாங்கதானே. பசங்க கேட்டுட்டே இருந்தாங்க, வேற ஒருத்தர வச்சு எழுதிட்டோம்."

"அந்தப் பொண்ண உண்டாக்கினது நானு."

"யாரு இல்லன்னு சொன்னா? தாராளமா வெளிய சொல்லுங்க. வேணாம்னு சொன்னது நீங்கதானே."

சொல்லலாம்தான். இப்போது மாமியார்கூட இல்லை. ஆனால் யாரிடம் போய்ச் சொல்வது? தெருவுக்கு நான் ட்யூஷன் டீச்சர். படிக்கிறவர்களுக்கு நான் யாருமே இல்லை. கத்தாரிலிருந்து கணவர் கூப்பிட்டபோது சொன்னேன். நான் எழுதுவது அவர் ஒருவருக்குத்தான் தெரியும். பொறுமையாகக் கேட்டார்.

"உன் பேரா போச்சு? எவ பேரோதான போச்சு. விடு."

ஆறுதலுக்குத்தான் அப்படிச் சொன்னார். போனை வைத்துவிட்டு, மாமியார் படுத்திருந்த கட்டிலில் உட்கார்ந்து வெகுநேரம் அழுதேன். அந்தப் பெயர் என்னுடையது இல்லை என்று அவருக்குத் தெரிந்திருந்தது. எனக்குத்தான் தெரிந்திருக்கவில்லை.

ஒரே ஒரு நம்பிக்கை மிச்சம் இருந்தது. என் ட்யூஷன் பெண்ணுக்குத் தெரியும். உப்பளத்துப் பிள்ளை, மழையில் உப்பு வாருவதை நம்பவா போகிறாள்? இது வேறு கை என்று அவள் ஒருத்தி சொன்னால் போதும், நான் எழுதியதற்கு அர்த்தம் இருக்கிறது. புத்தகத்தைத் திருப்பிக் கொடுக்கும்போது கேட்டேன்.

"உனக்கு எப்படி இருந்துச்சு?"

"இருக்கறதுலயே இதான் டீச்சர் சூப்பரு."

"தீபாவளி மழையில அவங்கம்மா உப்பு வார்றாங்களே, கவனிச்சியா?"

"அதெல்லாம் கவனிச்சேன். எங்கம்மாவுக்குப் படிச்சுக் காமிச்சேன். சிரிச்சுட்டாங்க."

எனக்குப் போன உயிர் திரும்பி வந்தது. "அப்ப அது தப்புதானே?"

"தப்புதான் டீச்சர். ஆனா இதுல அவங்கம்மாவுக்கு மழையிலயும் வேலை இருக்குதில்ல." பேனா மூடியைத் திருகிக்கொண்டே சொன்னாள். "எங்கம்மா அந்த எடத்தை இன்னொரு வாட்டி படிக்கச் சொன்னாங்க."

"முன்னாடி வந்த அஞ்சும்?"

"அது அப்படியே எங்க வீடு டீச்சர். நல்லாதான் இருக்கும். படிச்சு முடிச்சா ஒரு மாதிரி ஆயிடும். அம்மாவுக்கு அதெல்லாம் படிச்சுக் காமிச்சதே இல்ல."

அவள் என்னைக் குத்துவதற்காகச் சொல்லவில்லை. கேட்டதற்குப் பதில் சொன்னாள்.

என் ஆறாவது பாகம் இன்னும் போனில் கிடக்கிறது. அதில் அந்த அம்மா மழையில் நனைந்துகொண்டு குயிலாப்பாளையம் பஸ்ஸுக்கு நிற்கிறாள். ஒரு மதியம், அவளுக்கும் உப்பளத்தில் வேலை கொடுத்துப் பார்க்கலாம் என்று உட்கார்ந்தேன். பாத்தியில் இறக்கினேன். முழங்கால் வரை தண்ணீர்தான் வந்தது. எவ்வளவு முயன்றும் உப்பை வரவைக்க என்னால் முடியவில்லை. அழித்துவிட்டு மறுபடி பஸ் ஸ்டாப்பிலேயே நிறுத்திவிட்டேன். அதற்குப் பிறகு ஒரு வரியும் எழுதவில்லை.

போன மாதம் ஏழாவது பாகம் வந்தது. ட்யூஷன் பெண் கேட்டாள் என்று நான்தான் பாண்டிச்சேரியில் வாங்கி வந்து கொடுத்தேன். அட்டையில் இருந்த பெயரை விரலால் தடவிப் பார்த்துவிட்டுச் சொன்னாள்.

"இந்த ரைட்டர் முன்ன நம்ம பக்கந்தான் எங்கியோ கஷ்டப்பட்டுனு இருந்திருப்பாங்க டீச்சர். இப்ப நல்லா ஆயிட்டாங்க போல. அதான் இந்த மாதிரி எழுதறாங்க."

"இருக்கும்" என்று சொல்லிவிட்டு, கணக்கு நோட்டை எடுக்கச் சொன்னேன்.