விளக்கடியில் தொங்கிய வெப்பமானி

இதை எழுத வேண்டும் என்று நினைத்து எழுதாமல் விட்டு நாலு வருடம் ஆகிறது. வெள்ளிக்கிழமை விரதம் முடித்துச் சாப்பிட்ட பிறகு கொப்பியை எடுப்பேன். இரண்டு வரி எழுதுவேன். வெட்கம் வந்துவிடும், மூடி வைத்துவிடுவேன். நான் எட்டாம் வகுப்போடு படிப்பை விட்டவன், பாண் தொழிற்சாலையில் மா குழைக்கிற மெசினில் நிற்பவன். அது ஒரு காரணம். பெரிய காரணம், இந்தச் சங்கதியில் பிழை விட்டவன் நானே. பிழை விட்டவன் எழுதினால் தன்னைக் காப்பாற்ற எழுதுகிறான் என்பார்கள். சொல்லட்டும். முருகன் சாட்சியாக நடந்ததை நடந்தபடி எழுதுகிறேன்.

நாங்கள் கனடாவில், சென் ஜேம்ஸ் ரவுணில் பதினாலாம் மாடியில் இருக்கிறோம். எங்கள் கதவிலிருந்து மூன்றாவது கதவில் ஒரு பிலிப்பைன்ஸ் பெண் இருந்தார். பகலில் ஒரு வீட்டில் வயதுபோன அம்மா ஒருவரைப் பார்க்கிற வேலை. நான் அவரை சிஸ்டர் என்பேன். அவர் என்னைக் கூயா என்பார். அவர்கள் பாஷையில் அண்ணை என்று அர்த்தம். நாங்கள் பேசியது இங்கிலீஷில். எனக்கு அது காதில் விழுந்தபடி எங்கள் தமிழில் எழுதுகிறேன்.

நிலக்கீழ் மாடியில் உடுப்புத் தோய்க்கிற அறையில்தான் அவருடைய பழைய உத்தியோகம் எனக்குத் தெரிய வந்தது. மணிலாவில் பத்து வருடம் பேப்பரில் வேலை செய்தவராம். புயல், பூமி நடுக்கம், ஆற்றுத் தண்ணீர் ஏறுவது, இப்படியான விஞ்ஞானச் செய்திகளை எழுதியவர். கனடாவுக்கு வந்த பிறகு ஒரு வரியும் எழுதவில்லை.

"ஏன் சிஸ்டர்?"

"எழுத எனக்கு ஒரு விசயம் வரேல்லை, கூயா. இப்ப வந்திட்டுது. இந்தக் கட்டடம்."

எங்கள் கட்டடம் பழையது. யன்னல் ஒரு சாண்தான் திறக்கும். யூலை மாதத்தில் சுவரில் முதுகைச் சாய்க்க முடியாது. ஒபிஸில் போய்ச் சொன்னால் மனேச்சர் ஒரே பதிலைத்தான் சொல்வார்: எல்லாம் அளவுக்குள்தான் இருக்கிறது. எந்த அளவு, யார் அளந்தது என்று கேட்டால் மேசையில் கிடக்கிற கடதாசியைப் பார்ப்பார்.

அந்தக் கோடையில் சிஸ்டர் பிஸ்கட் அளவில் வட்டமான வெப்பமானிகளை வாங்கி வந்து பன்னிரண்டு வீடுகளுக்குக் கொடுத்தார், பத்தொன்பதாம் மாடியில் இருக்கிற தமிழ் அங்கிள் ஒருவரின் வீடும் அதில் ஒன்று. ஒவ்வொருநாளும் பின்னேரம் நாலு மணிக்குப் பார்த்து எழுத வேண்டும். யன்னலுக்குக் கிட்ட வேண்டாம், அடுப்புக்குக் கிட்ட வேண்டாம் என்று சொல்லித் தந்தார்.

நான் அதைக் கொண்டுபோய்ச் சாமி அலுமாரிக்குள் ஆணி அடித்துக் கொழுவினேன்.

"இஞ்சருங்கோ, அதை ஏன் சாமியிட்டைக் கொழுவிறியள்?" என்று மனைவி கேட்டாள்.

"சாட்சி சொல்லுற சாமான். சாமிக்கு முன்னாலை பொய் சொல்லாது."

"பொய் சொல்லுறது சாமானோ, எழுதிற நீங்களோ?"

விடிய நாலு மணி வேலை எனக்கு. பின்னேரம் மூன்றரைக்கு வீட்டுக்கு வருவேன். குளிக்காமல் சாமி அலுமாரியைத் திறக்க மாட்டேன். குளித்து, திருநீறு பூசி, விளக்கேற்றி, ஒரு தேவாரம் பாடி முடிக்க நாலு மணி ஆகிவிடும். அதன் பிறகுதான் வெப்பமானியைப் பார்த்து எழுதுவேன். ஒருநாளும் தவறவிடவில்லை. அவ்வளவு கவனமாகத்தான் பிழை செய்தேன்.

இதற்கிடையில் சிஸ்டர் எழுதத் தொடங்கியிருந்தார். மெசினில் உடுப்புச் சுற்றுகிற நேரத்தில் எனக்குக் கதையாகச் சொல்வார். அவர்கள் ஊரில் நூனோ என்று ஒரு குட்டிக் கிழவர் உண்டாம். மண்புற்றுக்குள் இருப்பவர். புற்றைக் கடக்கிற ஆட்கள் "தபி தபி போ" என்று சொல்லிவிட்டுத்தான் காலை வைப்பார்கள். கொஞ்சம் விலகுங்கோ ஐயா, நாங்கள் போகிறோம் என்பதுபோல. சொல்லாமல் மிதித்தால் கால் வீங்கும்.

சிஸ்டரின் கதை இனி வரப்போகிற காலத்தில் நடப்பது. எங்கள் பேரப்பிள்ளைகள் கிழவர் ஆகிற காலம். யாரோ ஒருவரின் சப்பாத்து மண்ணோடு கனடாவுக்கு வந்த நூனோ எங்கள் கட்டடத்தின் லிஃப்ற் குழிக்குள் குடியிருக்கிறார். ஒருவரும் அவரிடம் கேட்காமல் குழியை இடித்துப் புது லிஃப்ற் போடுகிறார்கள். அவர் ஒருவருடைய காலையும் வீங்க வைக்கவில்லை. கட்டடத்தில் இருக்கிற குளிர்ச்சியைக் குடித்துவிடுகிறார். பிறகு நாள்தோறும் நாலு மணிக்கு மாடி மாடியாக ஏறி, கதவுக்கு வெளியே நின்று உள்ளே எவ்வளவு வெக்கை என்று கூப்பிட்டுச் சொல்வார். பொய் சொன்னால் அவர் ஒரு விரற்கடை குள்ளமாகிவிடுவார், அதனால் பொய் சொல்ல மாட்டார். அவர் கூப்பிடுகிற எண்கள் நாங்கள் பன்னிரண்டு வீட்டாரும் எழுதிக் கொடுத்த எண்கள். கற்பனை ஒரு பந்தி, அளந்தது ஒரு பந்தி, எது எது என்று பக்கத்திலேயே குறித்திருந்தார்.

"சிஸ்டர், உது பேய்க்கதையோ, செய்தியோ?" என்று கேட்டேன்.

"ரெண்டும்."

"ரெண்டும் எப்பிடி ஒண்டாய் நிக்கும்?"

அவர் ஒரு துவாயை மடித்தபடி சொன்னார்: "ஒருக்கா மலையை வெட்டி றோட்டுப் போடுறதைப் பற்றி எழுதப் போனனான். அளக்க வந்த எஞ்சினியர் பெரிய படிப்புப் படிச்ச ஆள். காராலை இறங்கினார். முதல்லை புற்றைப் பாத்து தபி தபி போ எண்டார். பிறகுதான் நாடாவை விரிச்சார். அளந்ததிலை ஒரு பிழையும் இல்லை. நான் அந்த எஞ்சினியரை மாதிரி எழுதப் பாக்கிறன்."

எனக்கு அது உடனே பிடிபட்டது. ஸ்காபரோவில் நான் போகிற கோயிலில் புராணம் படிப்பார்கள். ஒருவர் பாட்டை ராகத்தோடு வாசிப்பார், பக்கத்தில் இருப்பவர் பயன் சொல்வார், அதாவது பொருளை விளக்குவார். பயன் சொல்பவர் நேற்று ரேடியோவில் கேட்ட செய்தியையும் சேர்த்துக்கொள்வார். மயில் எப்படிக் கடலைத் தாண்டியது என்று எழும்பிக் கேட்டவரை நான் காணவில்லை.

எங்கள் பகுதியில் இலவசமாகப் போடுகிற ஒரு சின்னப் பேப்பர் அதைப் போடுவதாக ஒத்துக்கொண்டது. அவ்வளவு வருடத்துக்குப் பிறகு அவருடைய எழுத்து அச்சில் வரப் போகிறது. கொடுப்பதற்கு முதல் நாள் எண்களைச் சரி பார்த்துக்கொண்டு எங்கள் வீட்டுக் கதவைத் தட்டினார்.

"கூயா, பத்தொன்பதாம் மாடி அங்கிளின்ரை வீட்டிலும் பாக்க உங்கடை வீடு ஏன் கூட வெக்கை? எங்கை கொழுவினனீங்கள்?"

பெருமையாகச் சாமி அலுமாரியைத் திறந்து காட்டினேன். அவர் சப்பாத்தைக் கழற்றிவிட்டு வந்து நின்றார். வெப்பமானிக்கு நேர் கீழே விளக்கு. ஐந்து திரி போட்டது.

"விளக்கு எத்தினை மணிக்கு, கூயா?"

சொன்னேன். சொல்லும்போதே எனக்கு விளங்கிவிட்டது. முகம் கொதித்தது. அவர் பேனையை எடுத்து என்னுடைய தாள் முழுவதையும் குறுக்கே வெட்டினார். ஆறு கிழமை எழுதியது.

"சிஸ்டர், ஒருத்தருக்கும் தெரியாது. விடுங்கோவன். வெக்கை உண்மைதானே."

"எனக்குத் தெரியுமே."

வெட்டியதோடு நிற்கவில்லை. ஒரு வீட்டின் அளவு விளக்கடியில் எடுக்கப்பட்டது, அதனால் நீக்கப்பட்டது, மிச்சம் பதினொரு வீடு என்று கட்டுரைக்குள்ளேயே எழுதி, மற்ற வீட்டாருக்கும் காட்டினார். அடுத்தநாள் லிஃப்றில் பத்தொன்பதாம் மாடி அங்கிள் என்னைப் பிடித்துக்கொண்டார். ஊரில் ஸ்டேசன் மாஸ்டராக இருந்தவர், சும்மா விடுவாரோ.

"என்ன தம்பி, சாமிக்குக் காய்ச்சல் பாத்தனீராம்?"

லிஃப்றில் நின்ற தமிழ்ச்சனம் எல்லாம் சிரித்தது. நானும் சிரித்தேன். பதினாலாம் மாடி அன்று வரத் தாமதித்தது.

வெப்பமானியை உள்ளறைச் சுவருக்கு மாற்றினேன். இனி எழுதுவது கணக்கில் சேராது என்று தெரிந்தும் எழுதிக்கொண்டு வந்தேன். முப்பத்தொன்று, முப்பத்திரண்டு என்றுதான் நின்றது. விளக்கு இல்லாமலும் முதுகு எரிந்தது.

பேப்பர்க்காரர் சிஸ்டரைக் கூப்பிட்டு இரண்டு விசயம் சொன்னாராம். கிழவரை எடுத்துவிடுங்கள், எண்களை மட்டும் போடுவோம். அந்த விளக்குப் பிழையையும் எடுங்கள், அது கட்டுரையைப் பலவீனமாக்கும். இல்லையென்றால் எண்களை எடுத்துவிட்டுக் கிழவரை மட்டும் கதைப்பக்கத்தில் போடுவோம்.

"நீங்கள் என்ன சொன்னனீங்கள்?"

"திருப்பித் தாங்கோ எண்டனான்."

அவர் அந்தத் தாள்களைப் பழைய சூட்கேசுக்குள் வைக்கப் போவதாகச் சொன்னபோது எனக்குக் கோபம் வந்தது. அவரில் அல்ல. மனேச்சர் அளவுக்குள் என்றார், பேப்பர்க்காரர் பாதி என்றார், என்னுடைய பிழையை மறைக்கச் சொன்னார். நான் மறைக்கச் சொன்னதும் அதுதானே என்று நினைக்க இன்னும் கோபம் கூடியது.

"சிஸ்டர், அச்சிலை வராட்டி என்ன. எங்கடை கோயில்லை படிக்கிறமாதிரிப் படிப்பம். நீங்கள் கதையைப் படியுங்கோ. நான் எண்ணுக்குப் பயன் சொல்லுறன்."

"உங்கடை இங்கிலீஷிலையோ?"

"எண் எந்தப் பாஷையிலையும் எண்தானே."

கீழ் மாடி மண்டபத்தை ஞாயிறு பின்னேரம் நாலு மணிக்கு எடுத்தோம். மனைவி கடலை அவித்தாள். வந்தவர்களுக்குக் கதையின் பிரதிகளைக் கையால் கொடுத்தோம். பிலிப்பைன்ஸ் அன்ரிமார் முன்வரிசையில் இருந்தார்கள், எங்கள் ஆட்கள் வழக்கம்போலப் பின்வரிசையில். சிஸ்டர் ஒரு பந்தி வாசித்தார். கிழவர் ஆறாம் மாடிக் கதவுக்கு முன் வந்து நின்றதும் நான் எழும்பி அந்த வீட்டின் எண்ணைத் தமிழிலும் இங்கிலீஷிலும் சொன்னேன். அந்த வீட்டுக்காரர் தன் கதிரையில் இருந்தபடி "ஓம், சரி" என்றார். ஒவ்வொரு மாடிக்கும் அப்படி ஒருவர் பதில் சொன்னார். எங்கள் மாடி வந்தபோது நான் சொன்னேன்: "இந்த வீட்டுக்கு எண் இல்லை. இது என்ரை வீடு. விளக்கடியிலை பிழையாய் எடுத்தனான்." ஒருவரும் சிரிக்கவில்லை, அங்கிள்கூட.

அந்த நேரத்தில்தான் மனேச்சர் உள்ளே வந்தார். வாசலில் நிற்காமல் நடுவழியால் நேரே முன்னுக்கு நடந்தார். முன்வரிசையில் இருந்த ஒரு அன்ரி தணிந்த குரலில் "தபி தபி போ" என்றார். பக்கத்தில் இருந்தவர்களும் சொன்னார்கள். பின்னால் இருந்து அங்கிளின் குரலும் கேட்டது. மனேச்சருக்கு ஒன்றும் விளங்கவில்லை, ஆனால் நடை கொஞ்சம் தளர்ந்தது.

"இது எண்ணெய் விளக்குக்குப் பக்கத்தில் எடுத்த அளவுகள் என்று கேள்விப்பட்டேன்" என்றார் எல்லோருக்கும் கேட்க.

சிஸ்டர் என்னைப் பார்த்தார். அவர் முழுதாகக் காப்பாற்றி வைத்திருந்தது என்னுடைய விளக்கால் உடையப் போகிறது. ஆனாலும் எழும்பினேன். அன்று நான் சொன்னதைத் தமிழில் எழுதினால் இப்படி வரும்:

"அது என்ரை விளக்கு, ஐயா. இண்டைக்கும் ஏத்துவன், நாளைக்கும் ஏத்துவன். அதுக்குப் பக்கத்திலை எடுத்ததை நாங்களே வெட்டிப்போட்டம். வெட்டினதையும் எழுதியிருக்கிறம், இப்ப எல்லாருக்கும் முன்னாலை படிச்சும் போட்டம். மிச்சம் பதினொரு வீடு இருக்கு. நீங்கள் அளவுக்குள்ளை எண்டு சொல்லுறியள். உங்கடை அளவைக் கொண்டாங்கோ. எங்கை கொழுவினது, எத்தினை மணிக்குப் பாத்தது, எதை வெட்டினது எண்டு நீங்களும் படியுங்கோ. நாங்கள் இருந்து கேக்கிறம்."

அவரிடம் படிக்க ஒன்றும் இருக்கவில்லை. கொஞ்சம் நின்றார், கைபேசியைப் பார்த்தார், வந்த வழியாகவே போனார். சிஸ்டர் அடுத்த பந்தியை வாசித்தார். கிழவர் கடைசி மாடி வரைக்கும் ஏறினார்.

அதனால் கட்டடம் குளிர்ந்துவிடவில்லை. பொய் எழுத மாட்டேன். அடுத்த கோடை அந்த மண்டபத்தில் குளிர் மெசின் ஒன்று வைத்தார்கள், பகலில் வயதுபோன ஆட்கள் போய் இருக்கலாம். அவ்வளவுதான். "அளவுக்குள்" என்ற சொல்லை மட்டும் பிறகு எவரும் எங்களிடம் சொல்லவில்லை. அங்கிள் லிஃப்ற் பொத்தானை அமத்த முதல் இன்றைக்கும் தபி தபி போ என்று சொல்கிறார். பகிடிக்குத்தான் என்கிறார். பகிடி என்றால் ஒருநாளாவது மறந்திருப்பார்.

சிஸ்டர் இப்போது ரெக்ஸ்டேலில் அவருடைய தங்கச்சியோடு இருக்கிறார். எழுதுகிறார். அவரிடம் கேட்டுவிட்டுத்தான் இதை எழுதுகிறேன்.

இப்போது ஏன் எழுத வந்தேன் என்றால், அன்று கையால் கொடுத்த தாள்கள் கைபேசிகளில் சுற்றத் தொடங்கி உருமாறிவிட்டன. ஒருவர் கிழவரை எடுத்துவிட்டு எண்ணை மட்டும் அனுப்புகிறார். இன்னொருவர் எண்ணை எடுத்துவிட்டு லிஃப்றுக்குள் பேய் என்று அனுப்புகிறார். போன மாதம் எனக்கு வந்ததில் என்னுடைய விளக்கும் இல்லை, பன்னிரண்டு வீடும் சரியாக அளந்ததாக இருந்தது. என் மானத்தைக் காப்பாற்ற நினைத்த நல்ல மனிதர் யாரோ. அவருக்குச் சொல்கிறேன், அந்த மானம் எனக்கு வேண்டாம். பேப்பர்க்காரர் கேட்டதையும் சிஸ்டர் கொடுக்காததையும் நீங்கள் சும்மா கொடுத்துவிடாதீர்கள்.

இதை மற்றவருக்குக் கொடுப்பதென்றால் இப்படியே கொடுங்கள். கிழவர் லிஃப்ற் குழிக்குள் இருக்கட்டும். எண்கள் பதினொரு வீட்டினுடையவையாகவே இருக்கட்டும். பதினாலாம் மாடியில் ஒருவன் குளித்து, திருநீறு பூசி, விளக்கேற்றி, பிழையாக அளந்தான் என்பதும் அதே இடத்தில் இருக்கட்டும்.