தேநீர் குடித்த மத்தியஸ்தர்

ஹாஜி அல்லால் சக்கல்லி ஃபெஸ் நகரின் பழைய கோட்டைக்குள் 1931இல் பிறந்தார். கஃப்தான் என்னும் நீள அங்கிக்கு வேண்டிய பட்டு நூலும் முடிச்சுப் பொத்தானும் விற்றார். கடை அவருக்குத் தந்தை வழியில் வந்த சொந்தச் சொத்து. மணமான ஐந்தாம் ஆண்டில் மனைவியை இழந்தார். பிள்ளைகள் இல்லை, மறுமணமும் செய்துகொள்ளவில்லை. 1969 முதல் 1993 வரை கடை வாடகை வழக்குகளுக்கு அந்தக் கோட்டைச் சந்தையின் மத்தியஸ்தராக இருந்தார்.

சந்தை அவரைத் தேர்ந்ததற்குக் காரணம் எளியது. அவர் எவருக்கும் வாடகை கொடுப்பவர் அல்லர், எவரிடமும் வாங்குபவரும் அல்லர். அப்படி ஒருவர் அங்கே கிடைப்பது அரிது. கடை பிடிப்பவர் முதலில் ஒரு பெருந்தொகையைச் சாவிப் பணமாகக் கொடுப்பார். அதன்பின் பெயரளவுக்கு ஒரு வாடகை. சாவி உரிமை அவருடையதாகிவிடும். மகனுக்குக் கொடுக்கலாம், பிறருக்கு விற்கலாம். சுவர் ஒருவருடையது, கதவு இன்னொருவருடையது என்றால் சண்டைக்குக் கேட்க வேண்டுமா? நீதிமன்றப் படி ஏறினால் பேரன் காலத்தில்தான் தீர்ப்பு வரும் என்று இரு தரப்பாரும் அல்லாலிடமே வந்தார்கள்.

மத்தியஸ்தருக்கு ஒரு நெறி உண்டு. வாடகை கொடுப்பவர், வாங்குபவர் எவரிடத்திலும் அவர் கை நனைக்கக் கூடாது. இன்று வழக்கில்லாதவர் நாளை வழக்கோடு வரக்கூடும். முன்பிருந்த மத்தியஸ்தர்கள் இந்த நெறியைச் சற்றுத் தளர்த்திக்கொண்டார்கள், அல்லால் தளர்த்தவில்லை. திருமண அழைப்பு வந்தால் நீலத்தாள் சுற்றிய சர்க்கரைக் கூம்பு ஒன்றை அனுப்பிவிட்டு வீட்டிலேயே இருந்துவிடுவார். நாளடைவில் அழைப்பு நின்றது. மாலையில் சந்தை முழுவதும் கண்ணாடிக் குவளைகளின் ஓசை எழும்போது அவர் தனியே அமர்ந்து நூல்கண்டுகளை நிறவாரியாக அடுக்குவார். அடுக்கியதைக் கலைத்து மறுபடியும் அடுக்குவார்.

1971இல் துஹாமி பென்னீஸ் என்பவர் எதிரே தோல் செருப்புக் கடை திறந்தார். முதல் நாள் மாலையே புதினாத் தேநீரோடு வந்து நின்றார். அல்லால் குவளையைத் தொடாமல், வாடகை யாருக்கு என்று மட்டும் கேட்டார். கடை தன் சொந்தம், மெக்னஸ் ஊர் அம்மாள் ஒருவரிடம் சுவரோடு சேர்த்து வாங்கியது என்றார் துஹாமி. அல்லால் குவளையை வாங்கிக்கொண்டார். அன்று முதல் மாலைத் தொழுகை முடிந்ததும் எதிர்க்கடைப் பலகையில் அமர்வது அவருக்கு வழக்கமாயிற்று. குளிர்காலத்தில் துஹாமி தேநீரில் மாசிப்பத்திரி இலை போடுவார், கசக்கிறது என்று அல்லால் குறை சொல்வார், "உங்க தீர்ப்பை விடவா ஹாஜி?" என்பார் துஹாமி. அல்லாலின் நாளில் சிரிப்பு என்று ஒன்று இருந்தால் அது அந்த வேளையில்தான்.

1993இல் மெக்னஸிலிருந்து ஜிலாலி என்பவர் தம் தம்பியோடு வந்தார். லல்லா ராதியா என்ற தம் அத்தை காலமாகிவிட்டதாகவும், அவருடைய கடையை ஆண்டுக்கணக்கில் அற்ப வாடகைக்கு வைத்திருக்கும் துஹாமி இனி உயர்த்தித் தரவேண்டும் என்றும், ஹாஜியே தொகையைச் சொல்லட்டும் என்றும் கேட்டார். கேட்டுக்கொண்டிருந்த அல்லால் எந்தக் கடை என்று இரண்டு முறை விசாரித்தார். அவர்கள் போனதும் எதிர்க்கடைக்குச் சென்றார். அமரவில்லை.

"சொந்தம்னு எதுக்குச் சொன்னே?"

"வந்த அன்னைக்கே பார்த்தேன். சந்தையே கூடி உக்காந்து டீ குடிக்குது, நீங்க மட்டும் நூலோட பேசிக்கிட்டிருந்தீங்க. வாடகைக்காரன்னு சொல்லியிருந்தா கிளாஸைத் திருப்பி அனுப்பியிருப்பீங்க."

"இருபத்திரண்டு வருஷம், துஹாமி."

"பொய் ஒண்ணுதான், ஹாஜி. டீதான் நிறைய."

பிறகு துஹாமி குரலைத் தாழ்த்தினார். சுவர் தன்னுடையது என்று சாட்சியின் முன் சொன்ன வாடகைக்காரருக்குச் சாவி உரிமை போய்விடும் என்பது சந்தையின் வழக்கம். அது இருவருக்கும் தெரியும். அல்லால் மத்தியஸ்தம் செய்தால் பேச்சு வாடகையோடு முடியும். வேறொருவர் செய்தால் அல்லாலே சாட்சி சொல்ல வேண்டிவரும்; எந்தக் கடை வழக்கிலும் எதிர்க்கடைக்காரர்தான் முதல் சாட்சி. "நீங்களே உக்காருங்க. வாடகையை எவ்வளவு வேணா ஏத்துங்க, வாய் திறக்க மாட்டேன். இந்தக் கடை போச்சுன்னா எனக்குன்னு வேற ஒண்ணுமில்ல."

மூன்றாம் நாள் இரு தரப்பாரும் மசூதியை ஒட்டிய அறையில் கூடினார்கள். விலகும் மத்தியஸ்தர் காரணத்தை இருவர் முன்னும் சொல்லியாக வேண்டும். அல்லால் நின்றபடியே, "இவன் கையால இத்தனை வருஷம் டீ குடிச்சிருக்கேன். நான் உக்காரக் கூடாது" என்றார்.

ஜிலாலி சிரித்துவிட்டார். "டீதானே ஹாஜி, ஆடா அறுத்துப் போட்டாரு? எங்களுக்கு ஆட்சேபணை இல்ல. உக்காருங்க."

துஹாமி தலை நிமிராமல் காத்திருந்தார். அல்லால் உட்காரவில்லை.

ஆற்றுக்கு அப்பாலிருந்து ஸுபைர் என்ற ஓய்வுபெற்ற பத்திர எழுத்தர் மத்தியஸ்தராக வந்து அமர்ந்தார். வழக்கப்படி எதிர்க்கடைக்காரரை முதலில் அழைத்து, கடை யாருடையது என்று துஹாமி சொல்லியிருக்கிறார் எனக் கேட்டார். அல்லால் எழுந்து நின்றார்.

"தன்னோடதுன்னு சொன்னாரு."

வாடகையை உயர்த்த வந்த ஜிலாலிக்குக் கடையே கிடைத்தது. துஹாமி செருப்புகளை மூட்டை கட்டி, தாஞ்சியரில் இருந்த மகள் வீட்டுக்குப் புறப்பட்டார். போகும்போது அல்லாலின் கடைவாசலில் நின்றார். "வேற மாதிரி சொல்ல உங்களுக்கு வராது, ஹாஜி. அது தெரிஞ்சுதான் ஊத்திக் கொடுத்தேன்" என்றார். அதில் கோபம் இருந்ததா என்று அல்லாலால் கண்டுபிடிக்க முடியவில்லை. அதற்குள் சுமை ஏற்றிய கோவேறு கழுதை நடக்கத் தொடங்கிவிட்டது.

அந்த வாரமே அல்லால் மத்தியஸ்தத்திலிருந்து விலகினார். இனி எவர் கடையிலும் அமர்ந்து எதையும் குடிக்க அவருக்குத் தடையில்லை. மாலைகளில் கடைவாசலுக்கு நாற்காலியை இழுத்துப் போட்டு அமர்ந்திருப்பார். கடந்து போகிறவர்கள் மரியாதையோடு சலாம் சொன்னார்கள். தேநீர்த் தட்டு ஏந்திய பையன் அவரைச் சுற்றிக்கொண்டு போனான். கூப்பிடக் கூடாது என்று எவரும் நினைக்கவில்லை. அவரைக் கூப்பிடும் பழக்கம் சந்தைக்கு இல்லை, அவ்வளவுதான்.

துஹாமி தாஞ்சியரில் இரண்டு ஆண்டுகள் உயிரோடிருந்தார். அல்லால் அவருக்குப் பின் பன்னிரண்டு ஆண்டுகள் இருந்தார்.