சமையலறைக்குத் தாழ் போட்டேன்

2004-ம் வருஷம், தாம்பரத்தை ஒட்டின இரும்புலியூரில், நாங்கள் குடியிருந்த வாடகை வீட்டில் நடந்தது இது. கடற்படையில் பதினைந்து வருஷம், அதில் பெரும்பகுதி நீர்மூழ்கியில் வேலை பார்த்துவிட்டு நான் வீடு திரும்பி மூன்று மாதம் ஆகியிருந்தது.

ஆடின காலும் பாடின வாயும் சும்மா இருக்காது என்பார்கள். எனக்கு அப்படித்தான் ஆயிற்று. போட்டில் நாலு மணி நேரம் வேலை, எட்டு மணி நேரம் ஓய்வு. நீர்மூழ்கியை நாங்கள் கப்பல் என்று சொல்லமாட்டோம், 'போட்'தான். ஒருத்தன் எழுந்துபோன படுக்கையில் அந்தச் சூடு ஆறுவதற்குள் இன்னொருத்தன் படுப்பான், அதற்குப் பேர் 'ஹாட் பங்க்'. அப்படி இருந்தவனுக்கு வேலையும் கிடைக்காமல், முழுப் பகலும் முழுக் கட்டிலும் கிடைத்தால் என்ன செய்வது? மொட்டைமாடித் தொட்டியில் தண்ணீர் எவ்வளவு இருக்கிறது என்று ஒரு நாளைக்குப் பத்து தடவை ஏறிப் பார்ப்பேன். மகள் குளிக்கப் போனால் வெளியில் நின்று, தண்ணீரை வீணாக்காதே என்று கத்துவேன். கழிவறையை 'ஹெட்ஸ்' என்றும் சமையலறையை 'கேலி' என்றும் வாய் தவறிச் சொல்லிவிடுவேன். நாலாம் வகுப்பு படிக்கிற மகள், "கேப்டன் சார், ஹெட்ஸுக்குப் போகலாமா?" என்று சல்யூட் அடிப்பாள். நான் கேப்டனும் இல்லை, ஒன்றும் இல்லை, மோட்டார்களையும் பேட்டரிகளையும் பார்த்துக்கொண்ட ஆள். "குட்டி போட்ட பூனை மாதிரி ஏன் சுத்தறீங்க, எங்கயாவது உட்காருங்களேன்" என்பாள் மனைவி.

ஒரு ஞாயிற்றுக்கிழமை காலை. கோவளம் பக்கத்திலிருந்து பஸ்ஸில் கூடையோடு வரும் மீன்கார அக்கா வாசலில் உட்கார்ந்து சங்கரா மீன் செதில் எடுத்துக்கொண்டிருந்தார். மகள் பாத்திரத்தோடு பக்கத்தில் நின்றாள். நான் கூடத்தில், நன்றாக ஓடிக்கொண்டிருந்த மின்விசிறியின் ரெகுலேட்டரை வேலை மெனக்கெட்டுக் கழற்றிக்கொண்டிருந்தேன். மனைவி அப்போதுதான் புது சிலிண்டர் மாற்றி அடுப்பைப் பற்றவைத்தாள்.

குப்பென்று ஒரு சத்தம். நிமிர்ந்து பார்த்தேன். சிலிண்டரின் கழுத்தைச் சுற்றித் தீ. அதற்கு அந்தப் பக்கம், பாத்திரம் கழுவும் தொட்டியோரமாக என் மனைவி. சமையலறைக் கதவுக்கு வர வேண்டுமானால் அவள் தீயைத் தாண்டித்தான் வர வேண்டும்.

இரண்டே எட்டில் அங்கே போனேன். போய், கதவை இழுத்துச் சாத்தினேன். பூனைத் தொல்லைக்காக வெளிப்பக்கம் ஒரு தாழ்ப்பாள் இருந்தது, அதையும் போட்டேன். "ஃபயர்! ஃபயர்! ஃபயர்!" என்று தெருவே அதிரக் கத்திவிட்டு, கதவில் முதுகை வைத்து நின்றேன்.

எங்களுக்கு முதலில் பழக்குவது இதைத்தான். தீயோ தண்ணீரோ, அந்த அறையின் கதவை உடனே மூடு, தாழைப் போடு, தகவல் சொல். உள்ளே நண்பன் இருந்தாலும் மூடு. மேலிடம் சொல்லாமல் திறக்காதே. ஒருத்தனுக்காகத் திறந்தால் மொத்த போட்டும் போய்விடும். வருஷக்கணக்கில் இதையே பயிற்சி செய்து, யோசிக்காமலே கை செய்கிற காரியமாக அது ஆகிவிட்டிருந்தது.

உள்ளேயிருந்து அவள் "ஏங்க... ஏங்க..." என்று கூப்பிட்டாள். மகள் ஓடிவந்து என் சட்டையைப் பிடித்து இழுத்தாள். "அப்பா, அம்மா உள்ள இருக்காங்கப்பா! தொறங்கப்பா!"

எனக்குக் காது கேட்கவில்லை என்று சொல்ல ஆசைதான். நன்றாகவே கேட்டது. "இரு, ஆர்டர் வரட்டும்" என்றேன், பெற்ற பெண்ணிடம்.

மீன்கார அக்கா கூடையை மூடியிருந்த ஈரச் சாக்கை உருவிக்கொண்டு உள்ளே வந்தார். "யோவ், இன்னா சார் பண்ற? பொம்பள உள்ள கீது, கதவ சாத்திகினு நிக்கிற?" என்று தோளால் ஒரு இடி இடித்தார். நான் சுவரோரம் போய் விழுந்தேன். அவர் தாழைத் திறந்து, சாக்கைக் கையில் சுற்றிக்கொண்டு நேராகத் தீக்குள் கையை விட்டு சிலிண்டரின் ரெகுலேட்டரைத் திருகி மூடினார். மிச்சச் சாக்கை மேலே போட்டு அமுக்கினார். எல்லாம் ஒரு நிமிஷத்துக்குள் முடிந்தது. வீடெல்லாம் கரியும் மீனும் கலந்த வாடை.

மனைவிக்குப் புருவமும் முன்முடியும் கருகியிருந்தன, கையில் ஒரு கொப்புளம். அவளுக்குத் தண்ணீர் கொடுத்து உட்காரவைத்துவிட்டு அக்கா என்னைப் பார்த்தார். "கைல அணைக்கிற நெருப்பு சார் இது. இதுக்கா பயந்துகினே?"

பயம்தான் என்று தலையாட்டிவிட்டேன். பயம் என்றால் மன்னிப்பாவது உண்டு. நான் துளியும் பயப்படவில்லை என்பதை அவரிடம் எந்த முகத்தோடு சொல்வது?

சாயங்காலம் மனைவி கேட்டாள். "நான் உள்ள இருக்கேன்னு தெரிஞ்சுதான மூடினீங்க?"

"ஆமா" என்றேன். பொய் சொல்ல வாய் வரவில்லை. போட்டின் விதியை எல்லாம் விளக்கினேன். அவள் எல்லாவற்றையும் கேட்டுக்கொண்டாள். கடைசியில், "அங்க எல்லாரும் அதுக்குச் சரின்னு சொல்லிட்டுத்தான ஏறினாங்க. என்னை யாரு கேட்டா?" என்றாள்.

ஸ்க்ரூடிரைவரை எடுத்து அந்தத் தாழ்ப்பாளைக் கழற்றினேன். வீட்டுக்காரர் சத்தம் போட்டார், போடட்டும் என்று விட்டுவிட்டேன். அடுத்த ஞாயிறு அக்காவுக்கு ஒரு புதுச் சாக்கு வாங்கி வைத்திருந்தேன். வாங்கிக்கொண்டு, மீனை மட்டும் எப்போதும் சொல்கிற விலைக்கே கொடுத்தார்.

அதெல்லாம் எப்பவோ மறந்தாச்சு என்கிறாள் மனைவி. போட்டில் அந்தக் கதவை மூடத் தெரிந்தவன் என்பதில் எனக்கு இன்றும் வெட்கமில்லை. ஆனால் அவள் "ஏங்க" என்று கூப்பிட்டபோது திறக்காமல் நின்றவனும் நான்தான் என்று நினைத்துவிட்டால், அன்றைக்கு முழுக்க என்னால் ஓர் இடத்தில் உட்கார முடிவதில்லை.